தந்தை தந்த பெயரும் தனயன் சுமந்த எண்ணும்

பந்தய வண்டியொன்று. அதன் மூக்கிலே பெரிதாக ஓர் எண். ஒன்றல்ல, இரண்டல்ல, சைபர்! வெறும் வட்டம்! 1993ஆம் ஆண்டிலும் 1994ஆம் ஆண்டிலும் அந்த வண்டியிலே அமர்ந்து நாடு நாடாகச் சென்று ஓடியவர் யார்? ஊர்பேர் தெரியாத ஒருவரா? இல்லை. பார்முலா ஒன் கார்ப் பந்தயத்தில் இருமுறை உலகப் பட்டம் வென்ற கிரகாம் ஹில்லின் ஒரே மகன், டேமன் ஹில்!

சைபர் ஏன் வந்தது? முந்தைய ஆண்டு பட்டம் வென்றவருக்கே 1 என்ற எண். அது அந்நாளைய விதி. 1992இல் வென்ற நைஜல் மான்செல், அமெரிக்கப் பந்தயங்களைத் தேடிப் போய்விட்டார். 1993இல் வென்ற ஆலன் புரோஸ்ட் ஓய்வு பெற்றுவிட்டார். இரண்டாண்டும் 1 என்ற எண்ணுக்கு உரியவர் களத்தில் இல்லை. எனவே வில்லியம்ஸ் அணிக்கு 0, 2 என்ற எண்கள் வந்தன. அதிலே சைபர் டேமனுக்கு! விதிப்படி வந்ததுதான்; வேண்டுமென்றே செய்த கேலியல்ல. ஆயினும், புகழ் பெற்ற தந்தையின் மகனுக்கு அதைவிடப் பொருத்தமான எண் வேறொன்று உண்டா? தந்தையின் கணக்கிலே எத்தனை வெற்றி குவிந்திருந்தால் என்ன, மகனின் கணக்கு சைபரிலேதான் தொடங்குகிறது!

வாரிசு என்ற சொல் காதில் விழுந்ததும் இரண்டு கூச்சல்கள் கிளம்புகின்றன. "புலிக்குப் பிறந்தது பூனையாகுமா?" என்று ஒரு பக்கம் பூரிப்பு. "அப்பன் பெயரைச் சொல்லி வந்தவன்தானே!" என்று மறுபக்கம் ஏளனம். இரு சாராரும் எதை அளக்கிறார்கள்? பிறப்பை! பிறந்துவிட்டான், ஆகவே பெரியவன் என்கிறார் ஒருவர். பிறந்துவிட்டான், ஆகவே அவன் உழைப்புக்கு மதிப்பில்லை என்கிறார் மற்றவர். பிறப்பை அளவுகோலாகக் கொள்ள மாட்டோம் என்று சொல்லி வளர்ந்தவர்கள் நாம். அந்த அளவுகோலை, புகழ்வதற்கும் தொடக்கூடாது, இகழ்வதற்கும் தொடக்கூடாது. டேமன் ஹில்லின் கதை நமக்கு அதைத்தான் சொல்கிறது.

ஒரு பவுனுக்கு நான்கு சுற்று

முதலில் தந்தையைப் பார்ப்போம். கிரகாம் ஹில் 1929இல் லண்டனில் பிறந்தவர். பந்தயக் களத்திலே அவருக்கு முன்னோர் எவருமில்லை. அளவுக் கருவிகள் செய்யும் ஸ்மித்ஸ் நிறுவனத்தில் தொழில் பழகியவர். கப்பற்படையிலே இயந்திர அறையில் வேலை பார்த்தவர். 24 வயது வரையில் கார் ஓட்ட உரிமம்கூட வாங்காதவர். பிராண்ட்ஸ் ஹாட்ச் திடலில் ஒரு பவுன் கொடுத்தால் பந்தய வண்டியில் நான்கு சுற்று ஓட்டலாம் என்ற விளம்பரத்தைப் பார்த்தார், போனார், ஓட்டினார். நான்கு சுற்றுகள் முடிந்தன. வாழ்க்கை திசை திரும்பிவிட்டது!

பிறகு லோட்டஸ் நிறுவனத்தில் மெக்கானிக். நாள் கூலி ஒரு பவுன். கையிலே எண்ணெய்க் கறை, கண்ணிலே பந்தயக் கனவு. மற்றவர் ஓட்டும் வண்டிக்குத் திருகாணி முடுக்கியவர், 1958இல் மொனாக்கோ நகரத் தெருக்களிலே தன் முதல் கிராண்ட் பிரீ பந்தயத்தை ஓட்டினார். அதே மொனாக்கோவில் பின்னாளில் ஐந்து முறை வென்றார். 1962இலும் 1968இலும் உலகப் பட்டம். 1966இல் அமெரிக்காவின் இண்டியானாபொலிஸ் 500 மைல் பந்தயம். 1972இல் பிரான்சின் லெ மான் 24 மணி நேரப் பந்தயம். இந்த மூன்று சிகரங்களையும் தொட்டவர் இன்றளவும் அவர் ஒருவரே! 1969இல் அமெரிக்கப் பந்தயத்தில் இரண்டு கால்களும் முறிந்தன. "முடிந்தது" என்றனர் பலர். சில மாதங்களிலேயே தென்னாப்பிரிக்காவில் வண்டியேறி ஆறாவதாக வந்தார்.

இப்படிப்பட்ட தந்தைக்கு மகனாகப் பிறப்பது பேறா, பாரமா? பேறு என்பார்கள் பார்ப்பவர்கள். சுமந்தவருக்குத்தானே தெரியும் எடை!

பனிமூட்டத்தில் விழுந்த வீடு

1975ஆம் ஆண்டு நவம்பர் 29. ஓட்டுவதை நிறுத்திவிட்டுச் சொந்த அணி நடத்திக்கொண்டிருந்த கிரகாம், தென் பிரான்சில் வண்டியைச் சோதித்துவிட்டுத் தன் சிறு விமானத்தைத் தானே ஓட்டிக்கொண்டு திரும்பினார். இரவு நேரம், லண்டனுக்கு வடக்கே கடும் பனிமூட்டம். இறங்க வேண்டிய இடத்துக்கு அருகிலே, ஒரு கோல்ப் திடலில் விமானம் வீழ்ந்து எரிந்தது. கிரகாமும், இளம் ஓட்டியான டோனி பிரைசும், அணியைச் சேர்ந்த மற்ற நால்வரும், ஆக ஆறு பேர் மாண்டனர்.

டேமனுக்கு அப்போது வயது 15.

அடி அத்தோடு நிற்கவில்லை. விமானத்தின் பதிவு காலாவதியாகியிருந்தது. ஓட்டியின் தகுதிச் சான்றும் புதுப்பிக்கப்படாமல் இருந்தது. ஆகவே காப்பீடு செல்லாது என்றாகிவிட்டது. உடன் மாண்டவர்களின் குடும்பங்கள் இழப்பீடு கேட்டன. கேட்டது நியாயம்தானே! அந்த வீடுகளிலும் உழைத்துச் சோறு போட்டவர்களல்லவா போய்விட்டார்கள்! கிரகாமின் சொத்து கரைந்தது. அவர் குடும்பம் பெரிய வீட்டை விற்றுவிட்டுச் சிறிய வீட்டுக்குக் குடிபோயிற்று.

இதுதான் தோழர்களே, அந்த மகனுக்குக் கிடைத்த வாரிசுச் சொத்து! இரண்டு உலகப் பட்டங்களின் பெயர் ஒரு கையில். விற்றுப்போன வீடு மறுகையில். தந்தையைக் கடவுளாக்கிக் கும்பிட்டவர்கள் பலர். அந்தத் தந்தை ஒரு தாளைப் புதுப்பிக்கத் தவறியதால் வந்த வினையைச் சுமந்தவர்களோ, வீட்டிலிருந்த மனைவி மக்கள். பெருமையை மட்டும் எடுத்துக்கொள்கிறேன், பிழையை வேண்டாம் என்று எந்த வாரிசும் சொல்ல முடியாது. இரண்டும் ஒரே கட்டாகத்தான் வந்து சேரும்.

சிறுவன் என்ன செய்தான்? வளர்ந்து, லண்டன் தெருக்களிலே மோட்டார் சைக்கிளில் கடிதக் கட்டுகளைக் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை பார்த்தான். கட்டட வேலைக்குக் கூலியாளாகப் போனான். கிடைத்த காசிலே மோட்டார் சைக்கிள் பந்தயம் ஓட்டினான். கார் பாதுகாப்பானது என்று நினைத்த தாய், 1983இல் பிரான்சிலுள்ள பந்தயப் பள்ளி ஒன்றுக்கு அனுப்பினார். நான்கு சக்கரத்தின் பக்கம் வாழ்க்கை திரும்பியது அப்படித்தான். மற்றவர்கள் பத்து வயதில் தொடங்கும் பாடத்தை, டேமன் இருபதைத் தாண்டித் தொடங்கினார்!

பெயர் திறந்த கதவு

பெயரால் அவருக்கு ஒன்றுமே கிடைக்கவில்லையா? கிடைத்தது. ஒப்புக்கொள்வோம். உண்மையை மறைத்து வாதாடுவது நம் வழக்கமல்ல. ஹில் என்ற பெயரைக் கேட்டதும் விளம்பரதாரர்கள் நிமிர்ந்து பார்த்தனர். பணம் தட்டியபோது, பீட்டில்ஸ் இசைக்குழுவின் ஜார்ஜ் ஹாரிசன் உதவினார். லண்டன் தெருவில் கடிதக் கட்டு சுமந்த மற்ற இளைஞர்களுக்கு எந்த ஹாரிசன் வந்தார்? அவர்களிலே எத்தனை டேமன்கள் இருந்தனரோ, யார் கண்டது!

பெயரில்லாத வீட்டுப் பிள்ளையின் பாடு எப்படியிருக்கும் என்பதற்கு லூயிஸ் ஹாமில்டனைப் பாருங்கள். அவருடைய பாட்டனார் கிரெனடா தீவிலிருந்து பிழைப்புத் தேடி இங்கிலாந்து வந்தவர். தந்தை ஆந்தணி, மகனின் பந்தயச் செலவுக்காக ஒரே நேரத்தில் பல வேலைகள் பார்த்தவர். மகன் 13 வயதில் 1998இல் மெக்லாரன் அணியின் ஆதரவைப் பெற்றபோதுதான் அந்தத் தோளிலிருந்து பாரம் இறங்கியது. அந்த மகன் பின்னாளில் ஏழு உலகப் பட்டம் வென்றார். அங்கே தந்தையின் பெயர் கதவைத் திறக்கவில்லை. தந்தையின் முதுகு கதவை முட்டித் திறந்தது!

ஆகவே, பெயர் கதவைத் திறக்கும். ஆனால் உள்ளே நுழைந்த பிறகு? அங்கே தொங்குகிறது கடிகாரம்! வினாடியை ஆயிரமாக வெட்டி அளக்கும் கடிகாரம். அது "யார் மகன் நீ?" என்று கேட்பதில்லை. "எத்தனை வினாடியில் வந்தாய்?" என்று மட்டுமே கேட்கும். மூன்று முறை பட்டம் வென்ற ஜாக் பிராபமின் மகன் டேவிட், 1990இலும் 1994இலும் பார்முலா ஒன்னில் ஓடினார். ஒரு புள்ளிகூடக் கிட்டவில்லை. 1978இல் பட்டம் வென்ற மரியோ ஆண்ட்ரெட்டியின் மகன் மைக்கேல், 1993இல் வந்தார். ஒரேயொரு முறை மூன்றாவதாக வந்துவிட்டு, ஆண்டு முடியுமுன்பே நாடு திரும்பினார். ஏழு பட்டம் வென்ற மைக்கேல் ஷூமாக்கரின் மகன் மிக், 2021, 2022 என இரண்டாண்டு ஓடினார், பிறகு இடமில்லை. இவர்கள் திறமையற்றவர்களா? அல்லவே அல்ல! டேவிட் 2009இல் லெ மான் பந்தயத்தை வென்றார். மைக்கேல் அமெரிக்காவில் பட்டம் வென்றவர். மிக் 2020இல் பார்முலா டூ பட்டம் பெற்றவர். ஆனால் தந்தையின் புகழ் என்ற தராசிலே வைத்து ஊர் எடைபோட்டது, இறக்கிவிட்டது.

டேமனுக்கும் அதே தராசுதான் காத்திருந்தது. 1991இல் வில்லியம்ஸ் அணியிலே சோதனை ஓட்டி. கைதட்ட ஆளில்லாத திடலிலே ஆயிரக்கணக்கான மைல் ஓட்டி, வண்டியின் குறையைக் கண்டு சொல்லும் வேலை. பட்டறை வேலை என்றே சொல்லலாம். 1992இல், நொடித்துப்போன பிராபம் அணியின் வண்டியிலே எட்டு முறை முயன்று, இரண்டே முறைதான் பந்தயத்தில் நிற்கும் தகுதி பெற்றார். சில்வர்ஸ்டோனில் முதல் பந்தயம் ஓடியபோது வயது 31. வந்த இடம் 16. அதன் பிறகு ஹங்கேரியில் 11. அத்தோடு அணியே மூடப்பட்டது!

அடுத்த ஆண்டு வில்லியம்ஸ் அணி இடம் தந்தது. சைபர் எண் வண்டி. அதே ஹங்கேரியில், 1993 ஆகஸ்ட் 15 அன்று, முதல் வெற்றி! தொடர்ந்து பெல்ஜியம், இத்தாலி. மூன்று பந்தயம், மூன்று வெற்றி. அப்போதும் சொன்னார்கள்: "வண்டி நல்ல வண்டி!"

இரண்டு மே மாதங்கள்

1968 ஏப்ரல் 7. ஜெர்மனியின் ஹாக்கன்ஹைமில் ஜிம் கிளார்க் மாண்டார். அவர் காலத்தின் தலைசிறந்த ஓட்டி. லோட்டஸ் அணி நிலைகுலைந்தது. அந்த அணியின் மற்றொரு ஓட்டி கிரகாம் ஹில். மே மாதம் ஸ்பெயின் பந்தயத்திலே வென்றார், துவண்டவர்களை நிமிர்த்தினார், ஆண்டு முடிவில் பட்டமும் பெற்றார்.

1994 மே 1. இத்தாலியின் இமோலாவில் அயர்டன் சென்னா மாண்டார். அவர் காலத்தின் தலைசிறந்த ஓட்டி. வில்லியம்ஸ் அணி நிலைகுலைந்தது. அந்த அணியின் மற்றொரு ஓட்டி டேமன் ஹில். மே 29 அன்று, அதே ஸ்பெயின் பந்தயத்திலே வென்றார்!

ஜோதிடம் என்பார்கள், தலையெழுத்து என்பார்கள். நாம் அப்படிச் சொல்ல மாட்டோம். தோழன் வீழ்ந்த மறுநாள், அவன் விட்ட வேலையை எடுத்துச் செய்ய ஒருவன் வேண்டும். அன்று தந்தை செய்தார். இன்னொரு நாள் மகன் செய்தார். ரத்தம் செய்ததல்ல அது, பொறுப்பு செய்தது. அந்த வேலையை எடுத்துச் செய்பவன் எவனோ, அவனே வாரிசு! அவன் மகனாக இருக்க வேண்டுமென்ற கட்டாயமே இல்லை.

அந்த ஆண்டு ஜூலையில், தந்தை வாழ்நாளெல்லாம் முயன்றும் கிட்டாத பிரிட்டிஷ் கிராண்ட் பிரீயை மகன் வென்றார். தந்தை ஐந்து முறை வென்ற மொனாக்கோவோ, மகனுக்குக் கடைசிவரை கிட்டவில்லை. 1996இல் முன்னணியில் ஓடிக்கொண்டிருந்தபோது இயந்திரம் பழுதாகி நின்றது. கணக்கு இப்படித்தான். ஒருவர் வாழ்க்கையை இன்னொருவர் மறுபடி வாழ முடியாது.

1994 நவம்பர் 13. அடிலெய்டில் கடைசிப் பந்தயம். மைக்கேல் ஷூமாக்கருக்கும் டேமனுக்கும் வித்தியாசம் ஒரே ஒரு புள்ளி. 36ஆம் சுற்றில் இரு வண்டிகளும் மோதின; இருவரும் வெளியேறினர். அந்த ஒரு புள்ளியில் பட்டம் போயிற்று. தவறு யாருடையது என்று இன்றும் வாதாடுகிறார்கள். 1995இலும் இரண்டாம் இடம். "தந்தை போல் வருமா!" என்று பத்திரிகைகள் எழுதின.

ஒன்று!

1996. பதினாறு பந்தயங்கள். பதினாறிலும் முதல் வரிசையிலிருந்து புறப்பாடு; எட்டில் வெற்றி. எதிர்த்து நின்றவர் யார்? அதே அணியின் ஜாக் வில்நெவ். 1982இல் பெல்ஜியத்தின் ஜோல்டர் திடலில் உயிர் விட்ட புகழ் பெற்ற ஓட்டி கில் வில்நெவின் மகன்! தந்தையை இழந்த இரண்டு பிள்ளைகள், ஒரே பட்டத்துக்கு!

இடையிலே ஒரு செய்தி. அடுத்த ஆண்டு உமக்கு இடமில்லை என்று அணி சொல்லிவிட்டது. எண்ணிப் பாருங்கள், தோழர்களே! ஆலையிலே அதிக உற்பத்தி காட்டிக்கொண்டிருக்கும் தொழிலாளியின் கையிலே வேலைநீக்கச் சீட்டு! பெயரென்ன, பரம்பரையென்ன, முதலாளியின் கணக்கு வேறென்றால் வேறுதான். டேமன் வேலையை நிறுத்தவில்லை. அக்டோபர் 13 அன்று ஜப்பானின் சுசூகாவில் வில்நெவின் வண்டியிலிருந்து சக்கரம் கழன்றது. டேமன் பந்தயத்தையும் வென்றார், பட்டத்தையும் வென்றார். உலகப் பட்டம் பெற்ற தந்தைக்குப் பிறந்து, தானும் உலகப் பட்டம் பெற்ற முதல் மகன்! அதற்குப் பிறகு அந்த வரிசையில் சேர்ந்தவர் ஒருவரே: 1982இல் வென்ற கெகெ ரோஸ்பெர்க்கின் மகன் நிக்கோ, 2016இல்.

1997இல் டேமனின் வண்டியில் 1 என்ற எண். ஆனால் அது எந்த வண்டி? ஒரு பந்தயமும் வென்றறியாத ஆரோஸ் அணியின் வண்டி! அதை வைத்துக்கொண்டு ஹங்கேரியில் ஷூமாக்கரைத் தாண்டி முன்னே போனார், கடைசிச் சில சுற்றுகளில் வண்டி பழுதாயிற்று, இரண்டாவதாக வந்தார். அடுத்த ஆண்டு, பெல்ஜியத்தில் கொட்டும் மழையில், ஜோர்டன் அணிக்கு அதன் முதல் வெற்றியைத் தேடித் தந்தார். "வண்டி நல்ல வண்டி" என்றவர்கள் வாய் மூடியது அன்றுதான். மொத்தம் 22 வெற்றிகள். தந்தையின் கணக்கோ 14.

வெற்றிக்குப் பின்னும் மனம் ஆறவில்லை. பதினைந்து வயதில் அழாத அழுகையும், பின்னாளில் வந்து கவிந்த மனச்சோர்வும் பற்றி 2016இல் வெளியான தன் வாழ்க்கை நூலில் ஒளிக்காமல் எழுதினார். பட்டம் வென்றால் தந்தை திரும்பி வருவாரா? வரமாட்டார். அதை ஒப்புக்கொள்ளவும் துணிவு வேண்டும்.

மூன்றாம் தலைமுறை

இனி, எனக்கு மிகப் பிடித்த பகுதி. டேமனின் மகன் ஜோஷ் ஹில்லும் பந்தயத்துக்கு வந்தார். பார்முலா த்ரீ வரை போனார். 2013இல், "போதும்" என்று இறங்கிவிட்டார். உலகமே வற்புறுத்தக்கூடிய பெயர் அது. பாட்டன் சாம்பியன், தந்தை சாம்பியன்! ஆயினும் இறங்கினார். வானம் இடிந்து விழவில்லை.

1953இல் இந்த மாநிலத்தில் ஒரு திட்டம் வந்தது. அரை நாள் பள்ளி. மீதி நேரம் அப்பன் தொழில். குலக்கல்வித் திட்டம்! ராஜகோபாலாச்சாரியார் கொண்டுவந்தார், தமிழகம் கொதித்தெழுந்தது, 1954இல் அது கைவிடப்பட்டது. அன்று நாம் சொன்னதென்ன? சவரத் தொழிலாளியின் மகன் சவரம் செய்யக்கூடாது என்றா? இல்லை. விரும்பினால் செய்யட்டும், விரும்பாவிட்டால் வேறு வழி திறந்திருக்கட்டும் என்றோம்! அதே நீதிதான் சாம்பியன் மகனுக்கும். டேமன் தந்தையின் வழியை விரும்பி எடுத்தார், உழைத்து உரிமையாக்கினார். ஜோஷ் விரும்பாமல் விட்டார். இருவரும் சுதந்திர மனிதர்கள். சாம்பியனின் மகனுக்குள்ள அந்த உரிமை, சித்தாள் மகனுக்கும், சாக்கடை அள்ளுபவன் மகளுக்கும் உண்டா என்பதே நம் கேள்வி. அந்த நாள் வரும்வரை நமக்கு வேலையிருக்கிறது.

ஆகவே, தேநீர்க் கடையிலே வாரிசுப் பேச்சு எழும்போது, இரண்டு கூச்சலிலும் சேராதீர்கள். இரண்டே கேள்வி கேளுங்கள். வந்தவன் வேலை செய்கிறானா? வராதவனுக்கும் கதவு திறந்திருக்கிறதா? எந்தக் களமானாலும், எவர் வீட்டுப் பிள்ளையானாலும், கேள்வி இந்த இரண்டுதான்.

கடைசியாக ஒன்று. கிரகாம் ஹில்லின் தலைக்கவசம் கருநீலம். அதைச் சுற்றி வெள்ளைக் கோடுகள். இளமையில் அவர் படகோட்டிய லண்டன் படகுச் சங்கத்தின் நிறங்கள் அவை. அந்த வெள்ளைக் கோடுகள், துடுப்பின் அலகுகள். மகனும் அதே தலைக்கவசத்தை அணிந்தே ஓடினார். தந்தை விட்டுச் சென்றது மகுடமல்ல, தோழர்களே, துடுப்பு! துடுப்பைத் தலையிலே தீட்டிக்கொள்ள எவராலும் முடியும். படகு நகர வேண்டுமென்றால், கையாலே வலிக்க வேண்டும்!